புதன்கிழமை மதியம் ஒரு மணிக்குச் சிரிப்பது எப்படி?

[திரையில் ஐந்து கட்டங்கள், திங்கள் முதல் வெள்ளி வரை. ஒரு சிவப்புப் புள்ளி இடமிருந்து வலமாக மெதுவாக நகர்கிறது.]

காலை ஒன்பது முதல் மாலை ஐந்து வரை, வாரத்துக்கு ஐந்து நாள் வேலை என்று வைத்துக்கொள்வோம். மொத்தம் 40 மணி நேரம். இதில் சரிபாதி எங்கே விழுகிறது? புதன்கிழமை மதியம் ஒரு மணிக்கு. 20 மணி நேரம் முடிந்தது, 20 மணி நேரம் மிச்சம். ஆறு நாள் வேலை என்றால், புதன்கிழமை சாயங்காலம் வீட்டுக்குக் கிளம்பும் நேரம் அது. ஷிப்ட் மாறி மாறிப் பார்ப்பவர்களுக்கு எந்தக் கிழமையும் புதன்கிழமை ஆகலாம். அவர்கள் கணக்கை அவர்களே போட்டுக்கொள்ளட்டும்.

[புள்ளி நடுக்கட்டத்தில் நிற்கிறது.]

இந்த நடுப்பகுதிச் சோர்வு ஒரு தினுசானது. திங்கள்கிழமை புலம்பினால் நாலு பேர் ஆமாம் போடுவார்கள். வெள்ளிக்கிழமை யாருமே புலம்புவதில்லை. புதன்கிழமை புலம்பிப் பாருங்கள், "ஏன், உடம்பு சரியில்லையா?" என்று கேட்பார்கள்.

உண்மையில் திங்கள்கிழமைக்குக் கெட்ட பெயர்தான் அதிகம். உளவியலாளர் ஆர்தர் ஸ்டோனும் அவருடைய குழுவினரும், அமெரிக்காவில் சுமார் 3,40,000 பேர் தங்கள் மனநிலை பற்றிச் சொன்ன பதில்களை அலசி 2012-ல் ஒரு கட்டுரை வெளியிட்டார்கள். வார இறுதியில் மனசு லேசாகிறது, வெள்ளிக்கிழமையே அது தொடங்கிவிடுகிறது. இதில் ஆச்சரியம் இல்லை. ஆனால் திங்களையும் செவ்வாய், புதன், வியாழனையும் பக்கத்தில் வைத்துப் பார்த்தால் சொல்லும்படியான வித்தியாசம் தெரியவில்லை. அனுதாபம் முழுவதையும் திங்கள்கிழமை வாங்கிக்கொண்டு போய்விடுகிறது, அவ்வளவுதான்.

சரி, நடுவில் ஏன் இப்படிக் கால் இழுக்கிறது? ஆந்திரேயா பொனெட்சியும் உடன் ஆய்வு செய்த இருவரும் 2011-ல் இதற்கு ஒரு விளக்கம் தந்தார்கள். ஒரு வேலையைத் தொடங்கும்போது, தொடங்கிய இடத்திலிருந்து எவ்வளவு தூரம் வந்தோம் என்று பார்க்கிறோம். முடியப்போகும்போது, இன்னும் எவ்வளவு பாக்கி என்று பார்க்கிறோம். இரண்டு முனையிலும் ஒவ்வோர் அடியும் பெரிதாகத் தெரியும். சரிபார்க்க வேண்டிய பில் 40 இருக்கிறது என்றால், முதல் பில்லை முடித்ததும் "ஆரம்பித்துவிட்டோம்" என்று ஒரு தெம்பு வரும். கடைசி இரண்டு பாக்கி என்றால் பசி கூடத் தெரியாது. இருபதை இருபத்தொன்றாக்கும்போது யாருக்கு என்ன தெம்பு வரும்?

[திரையில் 40 காகிதங்களின் அடுக்கு. நடுவிலிருந்து ஒன்று உருவப்படுகிறது. அடுக்கின் உயரத்தில் மாற்றம் தெரியவில்லை.]

இந்த இடத்தில்தான் நகைச்சுவை வருகிறது. அது பாக்கியிருக்கும் 20 மணி நேரத்தில் ஒரு நிமிடத்தைக் கூடக் குறைக்காது. அதை முதலிலேயே ஒத்துக்கொள்வோம், ஏனென்றால் "சிரித்தால் எல்லாம் சரியாகிவிடும்" என்று சொல்பவர்களைப் பார்த்தாலே பலருக்கு எரிச்சல் வருகிறது, அந்த எரிச்சல் நியாயமானதும் கூட. சிரிப்பு செய்வது வேறு. தொடர்ந்து உட்காருவதற்கான திராணியைக் கொஞ்சம் மீட்டுத் தருகிறது.

டேவிட் செங், லூ வாங் என்ற இரு ஆய்வாளர்கள் 2015-ல் வெளியிட்ட சோதனைகள் இதைக் காட்டின. அலுப்பூட்டும் ஒரு வேலையைச் செய்வதற்கு நடுவே சிலருக்குச் சிரிப்பூட்டும் வீடியோ போட்டார்கள். சிலருக்கு மனசுக்கு இதமான, ஆனால் சிரிப்பு வராத வீடியோ. இன்னும் சிலருக்கு இரண்டும் இல்லாத சாதாரண வீடியோ. அப்புறம் யார் அதிக நேரம் விடாமல் முயற்சி செய்கிறார்கள் என்று பார்த்தார்கள். சிரித்தவர்கள்தான் அதிக நேரம் தாக்குப்பிடித்தார்கள். இதமான காட்சி அந்த வேலையைச் செய்யவில்லை என்பதைக் கவனியுங்கள். கம்ப்யூட்டர் திரையில் இயற்கைக் காட்சி வால்பேப்பர் வைத்திருப்பவர்கள் மன்னிக்கவும்.

எனவே வேடிக்கையான ஏதோ ஒன்றைப் பார்ப்பதாக இருந்தால், கஷ்டமான வேலைக்குக் கொஞ்சம் முன்னால் பாருங்கள். முடித்த பிறகு பரிசாகப் பார்ப்பதைவிட அது பயன் தரும். ஐந்து நிமிடம் போதும். ஐந்து நிமிடத்தில் நிறுத்தத் தெரியாதவர்கள் இந்த வழிக்கே போக வேண்டாம். அவர்களுக்கு மதியமே போய்விடும்.

[திரையில் ஒருவர் தனியாக ஃபோனைப் பார்க்கிறார். முகத்தில் அசைவு இல்லை. கீழே "ஹாஹாஹா" என்று டைப் செய்கிறார்.]

இந்தக் காட்சி எல்லோருக்கும் தெரிந்ததுதான். தனியாக இருக்கும்போது வேடிக்கையானது கண்ணில் பட்டாலும் சிரிப்பு வாய்க்கு வருவதில்லை. சிரிப்பைப் பல ஆண்டுகள் ஆராய்ந்த ராபர்ட் ப்ரோவைன், மனிதர்கள் தனிமையில் சிரிப்பதைவிடக் கூட்டத்தில் சுமார் 30 மடங்கு அதிகமாகச் சிரிக்கிறார்கள் என்று கண்டார். அவர் கண்ட இன்னொரு விஷயம் அதைவிட முக்கியம். பொது இடங்களில் மக்கள் எப்போது சிரிக்கிறார்கள் என்று அவர் குறிப்பெடுத்தபோது, பெரும்பாலான சிரிப்புக்கு முன்னால் ஜோக் எதுவும் இல்லை. "சரி, அப்புறம் பார்க்கலாம்" என்கிற மாதிரி சாதாரணப் பேச்சுதான் இருந்தது.

அப்படியென்றால் வேலை நடுவில் ஜோக் சொல்லத் தெரிய வேண்டியதில்லை. பெரிய நிம்மதி இது. வாட்ஸ்அப்பில் வந்த துணுக்கை மனப்பாடம் செய்து ஒப்பிப்பவரைக் கண்டு ஓடுகிறவர்களில் நானும் ஒருவன். இருக்கும் வேலையிலேயே வேடிக்கை கிடக்கிறது, அதைக் கவனித்துச் சொன்னால் போதும். ஒரு காட்சி பார்ப்போம்.

[புதன்கிழமை. ஸ்டேட்டஸ் மீட்டிங். நீள மேசை, ஏழெட்டுப் பேர்.]

ஒவ்வொருவராகத் தங்கள் வேலை எந்த அளவில் இருக்கிறது என்று சொல்கிறார்கள். பாதிப் பேர் கேட்கவில்லை. ஒரு பெண்ணின் முறை வருகிறது.

"திங்கட்கிழமை 90 சதவீதம் முடிஞ்சிருந்தது சார். நேத்தும் 90. இன்னைக்கு ரொம்ப உறுதியான 90."

ஒருவர் சிரிக்கிறார், பிறகு எல்லோரும். மேலாளரும் சிரித்துக்கொண்டே கேட்கிறார்: "அந்தப் பத்து எங்கேம்மா நிக்குது?"

"ஒரு கையெழுத்துல நிக்குது சார்."

[இடைவெளி. காமெரா மேசையைச் சுற்றி வருகிறது.]

கையெழுத்துப் போட வேண்டியவர் அதே மேசையில்தான் உட்கார்ந்திருக்கிறார். "அவர் இன்னும் கையெழுத்துப் போடவில்லை" என்று நேராகச் சொல்லியிருந்தால் அது புகார். அவர் பதில் புகார் வைத்திருப்பார், அரை மணி நேரம் அதில் போயிருக்கும். அந்தப் பெண் யாரையும் கிண்டல் செய்யவில்லை. தன் எண்ணையே வேடிக்கையாக்கினார், அவ்வளவுதான். கேள்வி தானாக வந்தது. பதில் உண்மையாக இருந்தது.

பீட்டர் மெக்ரா, கேலப் வாரன் என்ற இரு ஆய்வாளர்கள் 2010-ல் சொன்ன கருத்து இங்கே பொருந்துகிறது. ஏதோ ஒன்று முறைதவறி இருக்க வேண்டும், அதே நேரத்தில் அதனால் ஆபத்தில்லை என்றும் தோன்ற வேண்டும். இரண்டும் ஒன்றாகத் தெரியும்போது சிரிப்பு வருகிறது. மூன்று நாள் நகராத 90 முறைதவறியதுதான், ஆனால் அந்த அறையில் யாருக்கும் அதனால் வேலை போகப்போவதில்லை.

யாருக்காவது போகப்போகிறது என்றால்? அதே வாக்கியம் வேறு மாதிரி ஒலிக்கும்.

[திரையின் நிறம் சற்று மங்குகிறது.]

தொல்காப்பியம் நகை பிறக்கும் நிலைக்களன்களாக நான்கைச் சொல்கிறது: எள்ளல் (கேலி), இளமை, பேதைமை (அறியாமை), மடன் (சொன்னதை அப்படியே பிடித்துக்கொள்வது). நம்முடைய அலுவலகங்களில் பின்னால் உள்ள மூன்றும் தாராளமாகக் கிடைக்கின்றன, பெரும்பாலும் யாரையும் காயப்படுத்துவதும் இல்லை. முதலில் நிற்கும் எள்ளலில்தான் வம்பு. புதிதாகச் சேர்ந்தவரின் உச்சரிப்பை, ஒருவருடைய உடம்பை, விடுப்பு கேட்ட காரணத்தை வைத்துச் சிரிக்கும்போது பூனைக்குக் கொண்டாட்டம், எலிக்குத் திண்டாட்டம். அந்த எலியும் கூடச் சேர்ந்து சிரிக்கும், வேறு வழியில்லாததால். மேலாளராக இருப்பவர்கள் இதை இரண்டு மடங்கு கவனிக்க வேண்டும். சம்பள உயர்வைத் தீர்மானிப்பவர் சொல்லும் எதுவும் வேடிக்கையாகத்தான் இருக்கும். அந்தச் சிரிப்பை வைத்துத் தன் திறமையை அளக்கக் கூடாது.

தன்னையே மட்டம் தட்டிப் பேசுவதிலும் ஓர் அளவு உண்டு. உளவியலாளர் ராட் மார்ட்டின் குழுவினர் 2003-ல் நகைச்சுவைப் பாணிகளை வகைப்படுத்தியபோது, கஷ்டத்திலும் வேடிக்கையைப் பார்த்துத் தன்னைத் தேற்றிக்கொள்வதை ஒரு வகையாகவும், பிறரைச் சிரிக்க வைப்பதற்காகத் தன்னைத் தாழ்த்திக்கொள்வதை வேறு வகையாகவும் பிரித்தார்கள். "இந்த எக்செல் என்னைத் தோற்கடித்துவிட்டது" என்பது முதல் வகை. "நான் ஒரு தண்டம், எனக்கு எதுவும் வராது" என்று வாரா வாரம் சொன்னால் அது இரண்டாவது வகை. கேட்பவர்கள் ஒரு கட்டத்தில் நம்பியும் விடுவார்கள்.

வீட்டிலிருந்து வேலை பார்ப்பவர்களுக்கு ஒரு வார்த்தை. குழுவில் 30 பேருக்குப் போடும் மீமுக்குக் கட்டைவிரல் மட்டும்தான் கிடைக்கும். அதையே ஒருவரிடம் ஃபோனில் சொல்லிப் பாருங்கள். எழுத்தில் குரல் இல்லாததால் கிண்டல் குத்தலாகப் போய்ச் சேரலாம், ஃபோனில் அந்த அபாயமும் குறையும்.

[மறுபடியும் அதே மேசை. வேறொரு புதன்கிழமை.]

கடைசியாக ஒன்று. "உறுதியான 90" முதல் வாரம் நன்றாக இருந்தது. அடுத்த வாரமும் சிரிப்பார்கள். நாலாவது வாரமும் அதே கையெழுத்தைப் பற்றித்தான் சிரிக்கிறோம் என்றால், வேடிக்கை ஒரு தொல்லையை மூடி வைக்கும் மூடியாகிவிட்டது. அப்போது அடுத்த மீட்டிங்கின் முதல் விஷயமாக அதைச் சேர்க்கச் சொல்லுங்கள். எந்தத் தேதியில் அனுப்பினோம், எத்தனை நாளாக நிற்கிறது, யார் பதில் தர வேண்டும் என்று மெயிலில் இரண்டு வரி எழுதினால் போதும்.