உயிரோடு இருந்த பேய்

ஜேன் ஆஸ்டினின் ‘எம்மா’ நாவலில் ஹாரியட் ஸ்மித் என்று ஒரு வெகுளிப் பெண் வருவாள், நினைவிருக்கிறதா? அவளை விரும்புகிற விவசாயி ராபர்ட் மார்ட்டினிடம் இரண்டு நாவல்களைச் சொல்லிவைக்கிறாள். ஒன்று திகில்கதைக்காரி ஆன் ராட்கிளிஃப் எழுதியது. அதை வாங்கக் கிங்ஸ்டனுக்குப் போனவர் வேலை மும்முரத்தில் மறந்தே போகிறார். நாம் சிரிக்கிறோம். இன்னொன்று ‘தி சில்ட்ரன் ஆஃப் தி அபே’. அதன் பெயரையே இன்று யாரும் சொல்வதில்லை.

எழுதியவர் ரெஜினா மரியா ரோச், அயர்லாந்தின் வாட்டர்ஃபோர்டில் பிறந்தவர். 1796இல் லண்டன் மினர்வா பிரஸ் நான்கு தொகுதிகளாகப் போட்டது. முதலாளி வில்லியம் லேன் பலே வியாபாரி. அச்சகமும் அவருடையது, வாடகை நூல்நிலையமும் அவருடையது. ஒரு கதையை நான்காகப் பிரித்தால் ஒரே சமயத்தில் நான்கு பேருக்குக் கொடுக்கலாமே!

கதை என்ன? நாயகி அமாண்டா அழுகிறாள், மயங்கி விழுகிறாள், எழுந்து மறுபடி அழுகிறாள். கர்னல் பெல்கிரேவ் துரத்துகிறான். காதலன் லார்டு மார்ட்டிமரோ அவளையே சந்தேகப்படுகிறான். முதல் பாதியைப் பல்லைக் கடித்துக்கொண்டுதான் முடித்தேன்.

ஸ்காட்லாந்தின் டன்ரீத் அபே வந்ததும் நிமிர்ந்து உட்கார்ந்தேன். அது அமாண்டாவின் அம்மா பிறந்த வீடு. பாழடைந்த பகுதியில், இருட்டில், எதிரே ஓர் உருவம். பேய் என்றே அவள் நடுங்குகிறாள். பேயல்ல, ஒரு கிழவி. அம்மாவின் மாற்றாந்தாய் லேடி டன்ரீத். உயிலை மறைத்து, சொத்தைத் தன் மகள் பக்கம் திருப்பியவள் அவள்தான். குட்டு வெளிப்படக் கூடாதென்று அந்த மகளே பெற்றவளை அடைத்துவைத்திருக்கிறாள்.

ரோச்சிடம் எனக்குப் பிடித்தது இதுதான். அந்தப் பேயைத் தோண்டினால் பத்திரம் வருகிறது. 1847இல் ‘ஜேன் அயர்’ நாவல் மாடியறையில் இன்னொரு பெண்ணைப் பூட்டியது. சார்லட் பிராண்டே இதைப் பார்த்துத்தான் எழுதினார் என்று நான் சாதிக்கவில்லை. அடைபட்ட பெண்ணைப் பேயாகக் காணும் பழக்கம் வாசகர்களுக்கு முன்பே ஏற்பட்டிருந்தது, அவ்வளவுதான்.

ரோச்சின் ‘கிளெர்மான்ட்’ 1798இல் வந்தது. ஆஸ்டினின் ‘நார்த்தாங்கர் அபே’யில் நாயகியின் தோழி அடுக்குகிற ஏழு பயங்கர நாவல்களில் அதுவும் ஒன்று. அந்தப் பெயர்களெல்லாம் ஆஸ்டினின் கற்பனை என்றே பலர் வெகுகாலம் நினைத்திருந்தார்கள். ஏழும் அச்சில் வந்த புத்தகங்களே என்று ஆய்வாளர் மைக்கேல் சாட்லியர் 1927இல் எடுத்துக்காட்ட வேண்டியிருந்தது. கேலி நிலைத்துவிட்டது, கேலிக்கு ஆளான புத்தகம் காணாமல் போய்விட்டது.

அமாண்டாவின் குடும்பத்துக்கு உயில் கிடைத்துவிடுகிறது. ரோச்சின் குடும்பமோ ஒரு வக்கீலின் மோசடியில் சொத்தைப் பறிகொடுத்தது. எழுத்தாளர்களுக்கு உதவும் ராயல் லிட்டரரி ஃபண்டுக்கு அவர் மனுப்போட்டார். 1845இல், பிறந்த வாட்டர்ஃபோர்டிலேயே இறந்தார்.