நாயின் கழுத்தும் நம் கையும்

நேயர்களுக்கு வணக்கம்.

காலை ஐந்தரை மணிக்கு வண்டியூர்த் தெப்பக்குளத்தைச் சுற்றி நடக்கிறவர்கள் இந்தக் காட்சியைப் பார்த்திருப்பீர்கள். முன்னால் நாக்கைத் தொங்கப் போட்டுக்கொண்டு ஒரு லேப்ரடார். பின்னால் செருப்புத் தேயத் தேய அதன் சொந்தக்காரர். அப்படி இழுபட்டவர்கள்தான் என்னிடம் வந்து கேட்பார்கள்: "சார், முள்ளு வச்ச செயின் ஒன்னு இருக்காமே, போட்டா ரெண்டு நாள்ல அடங்கிருமாமே, வாங்கலாமா?" ரிமோட்டை அழுத்தினால் ஷாக் அடிக்கிற பட்டையைப் பற்றிக் கேட்பவர்களும் உண்டு. அவர்கள் பெரும்பாலும் ஆன்லைனில் ஆர்டர் போட்டுவிட்டு, அப்புறம் என்னிடம் யோசனை கேட்பவர்கள்.

நான் கால்நடை மருத்துவர் இல்லை. மதுரையிலும் மேலூர்ப் பக்கத்துக் கிராமங்களிலும் பல வருடமாக நாய் பழக்கிக்கொண்டிருப்பவன். இந்தப் பட்டைகளை நானும் பயன்படுத்தியிருக்கிறேன். தப்பாகப் பயன்படுத்தியதும் உண்டு. அதையே முதலில் சொல்லிவிடுகிறேன்.

எங்கள் வீட்டில் கருப்பன் என்று ஒரு கன்னி நாய் இருந்தது. கன்னி என்றால் தெரியுமில்லையா, கறுப்பு உடம்பு, புருவத்திலும் காலிலும் செம்மண் நிறம், நல்ல ஓட்டக்கார நாய். ஆட்டைப் பார்த்துவிட்டால் போதும், கையில் இருக்கிற கயிறு அறுந்துவிடும்போல இழுக்கும். எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது, கோபம் அதிகம். டவுனுக்குப் போய் ஒரு சோக் செயின், அதாவது இழுத்தால் கழுத்தை இறுக்குகிற சங்கிலி, வாங்கி வந்து மாட்டினேன். மூன்றே நாளில் கருப்பன் என் காலோடு ஒட்டி நடந்தது. தெருவில் நாலு பேர் பார்க்க நடந்து காட்டினேன்.

ஒரு மாதம் போயிருக்கும். அப்பா திண்ணையில் உட்கார்ந்து அதன் கழுத்தைத் தடவிக்கொண்டிருந்தவர் என்னைக் கூப்பிட்டார். சங்கிலி கிடந்த இடத்தில் முடி உதிர்ந்து, தோல் ரணமாகி இருந்தது. தண்ணீர் குடிக்கும்போதெல்லாம் இருமியிருக்கிறது, நான் கவனிக்கவே இல்லை. "படிஞ்சிருச்சுன்னு நெனச்சுக்கிட்டு இருக்கியாக்கும்? மூச்சு விடப் பயந்துக்கிட்டு ஒன் பின்னாடி வருது" என்றார். அன்று சாயங்காலம் நான் வயலிலிருந்து வந்தபோது கருப்பன் வழக்கம்போல ஓடிவந்து என் காலைச் சுற்றி வாலாட்டியது. அதுதான் இன்றுவரை மனசை அறுக்கிறது.

நாலடியாரில் ஒரு பாட்டு வரும். பல நாள் பழகிய பாகனையே யானை கொன்றுவிடும்; நாயோ தன்மேல் எறிந்த வேல் உடம்பிலேயே தைத்திருக்க, எறிந்தவனைப் பார்த்து வாலைக் குழைக்கும் என்று. அந்த ஓலைகள் வைகையில் எதிர்நீச்சல் போட்டுக் கரை ஏறின என்று நம் ஊரில் கதை சொல்வார்கள். நட்புக்கு உதாரணமாகச் சொன்ன பாட்டு அது. நாய் பழக்குகிற எனக்கு அதில் வேறொரு சேதி கிடைத்தது. நாய் வாலாட்டுகிறது என்பதை வைத்து, அதற்கு வலிக்கவில்லை என்று முடிவு கட்டக் கூடாது. நாயின் வாலைக் கேட்காதீர்கள், கழுத்தைத் தொட்டுப் பாருங்கள்.

அந்தக் கழுத்துக்குள் என்ன இருக்கிறது? நம் கழுத்தில் இருக்கிற அதே சாமான்கள்தான். மூச்சுக்குழாய், தைராய்டு சுரப்பி, மூளைக்குப் போகிற ரத்தக் குழாய்கள், பின்பக்கம் தண்டுவடம். கழுத்துப் பட்டையை இழுத்துப் பிடித்தால் நாயின் கண்ணுக்குள் அழுத்தம் ஏறுகிறது என்று அளந்தே பார்த்திருக்கிறார்கள். மார்பைச் சுற்றிப் போடுகிற ஹார்னஸில் அப்படி ஏறுவதில்லை. பொமேரியன் மாதிரி சின்ன நாய்களுக்கு மூச்சுக்குழாய் எளிதில் தளர்ந்து அமுங்கிவிடும். வாத்து கத்துகிற மாதிரி இருமும். அந்த இருமல் வந்துவிட்டால் எந்தப் பட்டையும் வேண்டாம், ஹார்னஸ் மட்டும்தான். பக் மாதிரி மூக்குச் சப்பையான நாய்க்கும் அதே சட்டம். ஆறு மாதம் ஆகாத குட்டிக்கு இந்தச் சமாச்சாரமே கிடையாது.

சரி, நான் அன்று செய்த தப்பு என்ன? பல வருடம் கழித்துத்தான் தெரிந்தது, சோக் செயினைத் தலைகீழாக மாட்டியிருந்தேன். உங்கள் இடது பக்கம் நடக்கிற நாய்க்கு எதிரே நின்று பார்த்தால், அந்தச் சங்கிலி ஆங்கில ‘P’ எழுத்து மாதிரி தெரிய வேண்டும். அப்போதுதான் கயிற்றைத் தளர்த்தியதும் வளையமும் தானாகத் தளரும். திருப்பி மாட்டினால் இறுகியது இறுகியபடியே நிற்கும். இவ்வளவு சின்ன விஷயம். கடைக்காரர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

ஆனால் சரியாக மாட்டினாலும் பாதிக் கதைதான். மீதி நம் மணிக்கட்டில் இருக்கிறது. இழுப்பது வேறு, சுண்டுவது வேறு. சோக் செயின், முள் பட்டை, ஷாக் பட்டை என்று திருத்தும் பட்டை எதுவானாலும் அது வேலை செய்கிற நேரம் ஒரு கைநொடிதான். சுண்டினோம், உடனே விட்டோம், கயிறு தொய்ந்து தொங்குகிறது. அந்தத் தொய்வுதான் நாய்க்குக் கிடைக்கிற பாடம். ஆட்டுக்கயிற்றை இழுக்கிற மாதிரி இழுத்துப் பிடித்துக்கொண்டே நடந்தால் நாய்க்குப் புரிவது ஒன்றுதான், கழுத்து நெரிபடுவதுதான் நடைப்பயிற்சி.

முள் பட்டையைப் பற்றிச் சொல்கிறேன். பார்த்தால் சித்திரவதைச் சாமான் போலத் தெரியும். அதன் முனைகள் மழுங்கலானவை, மழுங்கலாகத்தான் இருக்க வேண்டும். கூராக இருந்தால் கடையிலேயே வைத்துவிட்டு வந்துவிடுங்கள். ஒரே இடத்தை இறுக்காமல் கழுத்தைச் சுற்றிப் பல இடத்தில் ஒரே நேரத்தில் கிள்ளுவது அதன் வேலை. காதுக்குச் சற்றுக் கீழே, கழுத்தின் மேல்பகுதியில், தொங்காமல் பொருந்தி உட்கார வேண்டும். பெரிதாக இருந்தால் ஒன்றிரண்டு கண்ணிகளைக் கழற்றிச் சின்னதாக்கலாம். தலைவழியாக மாட்டக் கூடாது, கண்ணியைப் பிரித்துத்தான் போட வேண்டும். சில நேரம் கண்ணி தானாகக் கழன்றுவிடும். அதனால் கூடவே ஒரு சாதாரண பெல்ட்டும் கழுத்தில் இருக்கட்டும், ரோட்டில் பஸ் வருகிறது. பயிற்சி பத்து நிமிடம், முடிந்ததும் கழற்றி ஆணியில் மாட்டிவிடுங்கள். இதைப் போட்டபடியே கட்டிப்போட்டுவிட்டு வேலைக்குப் போகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். அது பயிற்சி இல்லை.

நம் ஊர் நாய்களுக்கு ஒரு தனிப் பிரச்சினை இருக்கிறது. தெற்கே சிப்பிப்பாறை, கன்னி மாதிரி ஒல்லி நாய்களுக்குத் தலையும் கழுத்தும் ஏறக்குறைய ஒரே பருமன். சாதாரண பெல்ட்டை உருவிக்கொண்டு ஓடிவிடும். ஓடிவிடுமே என்று பயந்து சங்கிலியை இறுக்குவார்கள். அந்த நாய்களுக்குத் தோலோ மெலிசு, அடியில் கொழுப்பும் கிடையாது. மார்ட்டிங்கேல் என்று ஒரு பட்டை கிடைக்கிறது. அகலத் துணிப்பட்டை, ஒரு அளவுக்குமேல் இறுகாது, உருவவும் வராது. அப்பா காலத்தில் இந்தப் பெயரெல்லாம் தெரியாது. ஆனால் வேட்டை நாய்க்கு நாலு விரல் அகலத்துக்குத் தோலில் வார் தைத்துப் போட்டார்கள், உள்பக்கம் எண்ணெய் தடவி மெத்தென்று வைத்திருந்தார்கள். மெல்லிசான இரும்பை அந்தக் கழுத்தில் மாட்டியது என் தலைமுறைதான்.

இனி ஷாக் பட்டை. இதில் எனக்கு ஒரு பிடிவாதம் உண்டு. வாங்கி வருகிறவரை முதலில் தன் முன்கையில் வைத்து அழுத்திப் பார்க்கச் சொல்வேன். ஒருவர், "எனக்கு பிபி இருக்கு சார்" என்று நழுவினார். நாய்க்கு என்ன இருக்கிறதென்று கேட்டேன், பதில் இல்லை.

முறை என்று ஒன்று இருக்கிறது. பூஜ்யத்திலிருந்து ஒவ்வொரு படியாக ஏற்ற வேண்டும். ஈ உட்கார்ந்த மாதிரி நாய் காதை ஒரு தரம் அசைக்கும், அல்லது தலையைத் திருப்பும். அந்த இடத்தில் நிறுத்திக்கொள்ள வேண்டும். நாய் கத்தினால் நாம் எல்லை தாண்டிவிட்டோம். பட்டையில் இருக்கிற இரண்டு உலோக முனைகளும் ஒரே இடத்தில் மணிக்கணக்கில் அழுத்திக்கொண்டிருந்தால் தோலில் புண் குழி விழும். ஒன்றிரண்டு மணி நேரத்துக்கு ஒருமுறை இடம் மாற்றவும், இரவில் கழற்றவும் வேண்டும். குளிப்பாட்டிய ஈரத்தோடு மாட்டாதீர்கள். அந்தப் பட்டையிலேயே கயிற்றைக் கோக்கவும் கூடாது.

இவ்வளவும் சரியாகச் செய்தாலும் ஒரு சிக்கல் மிச்சம். ஒரு வீட்டில் ஜெர்மன் ஷெப்பர்ட், பால்காரரைப் பார்த்தால் குரைக்கும். வீட்டுக்காரர் மாடியில் நின்றுகொண்டு, குரைக்கும்போதெல்லாம் ரிமோட்டை அழுத்தினார். இரண்டே வாரத்தில் குரைப்பு நின்றது. மூன்றாவது வாரம் நாய் சத்தமே போடாமல் போய்ப் பால்காரரின் ஆடுசதையைக் கவ்விவிட்டது. யோசித்துப் பாருங்கள். குரைத்ததற்குத் தண்டனை என்று வீட்டுக்காரர் நினைத்தார். நாய் கண்டது வேறு: இந்த ஆள் கேட்டில் வந்து நின்றால் என் கழுத்தில் தேள் கொட்டுகிறது. குரைப்பு என்பது நாய் நமக்குக் கொடுக்கிற எச்சரிக்கை. மனுஷன் அதைத்தான் அணைத்துவிட்டார்.

பட்டையைக் கழற்றினோம். பால்காரருக்குத் தையல் போட்டு ஆறியபிறகு அவரிடமே கெஞ்சிக் கேட்டு, கேட்டுக்கு வெளியே தூரத்திலிருந்தே அவித்த கோழி ஈரலைத் துண்டு துண்டாகப் போடச் சொன்னோம். ஒன்றரை மாதம் ஆனது. இப்போது சைக்கிள் மணி கேட்டால் வாலாட்டிக்கொண்டு உட்காருகிறது. இது வேலோடு ஆட்டுகிற வால் இல்லை, ஈரலுக்கு ஆட்டுகிற வால்.

அதனால் பயத்தில் குரைக்கிற, கடிக்கப் பாய்கிற நாய்க்கு எந்தத் திருத்தும் பட்டையும் போடாதீர்கள். வேட்டுச் சத்தத்துக்கு மிரண்டு இழுக்கிற நாயையும் திருத்தாதீர்கள். அழகர் ஆற்றில் இறங்குகிற வாரம் கோரிப்பாளையம், தல்லாகுளம் பக்கம் வீடு வைத்திருப்பவர்களுக்கு நான் சொல்வது புரியும். அந்த வாரம் நாய்க்குப் பயிற்சியே வேண்டாம், உள்ளறையில் ஃபேனைப் போட்டுப் படுக்க விடுங்கள். சித்திரை, வைகாசியில் வெயில் நாற்பது டிகிரியைத் தொடும்போதும் அப்படித்தான். நாய் பெரும்பாலும் இரைத்துத்தான் உடம்புச் சூட்டைத் தணிக்கிறது. கழுத்தை இறுக்கினால் அந்த வழியையும் அடைத்த மாதிரி. வெயில் ஏறுமுன் முடித்துவிடுங்கள்.

வெளிநாட்டில் இதைப் பற்றி நிறையச் சண்டை நடந்திருக்கிறது. வேல்ஸ் நாட்டில் 2010-லேயே ஷாக் பட்டைக்குத் தடை வந்தது. பிரிட்டனில் 63 நாய்களை வைத்துச் செய்த ஒரு ஆய்வு 2014-ல் வெளியானது. ஷாக் பட்டையில் பழகிய நாய்கள், தின்பண்டம் கொடுத்துப் பழக்கிய நாய்களைவிடக் கூடுதலாக எதையும் சாதித்துவிடவில்லை. நம் நாட்டிலும் 1960-ம் வருட மிருகவதைத் தடுப்புச் சட்டத்தின் 11-வது பிரிவுப்படி, தேவையில்லாத வலி கொடுப்பது குற்றம். ரொம்பக் குட்டையான, ரொம்பக் கனமான சங்கிலியில் அளவுக்கு மீறிக் கட்டி வைப்பதும் அதே பிரிவில்தான் வருகிறது. நான் ஷாக் பட்டையை விட்டுச் சில வருடங்கள் ஆகின்றன. முள் பட்டையை அபூர்வமாக எடுக்கிறேன், அதுவும் நாற்பது கிலோ நாயை ஒரு வயதானவர் பிடித்து நடக்க வேண்டிய கட்டாயம் இருந்தால்.

ஏனென்றால் எந்தப் பட்டைக்கும் "வேண்டாம்" என்ற ஒரு வார்த்தைதான் பேசத் தெரியும். "இப்படி நட" என்று சொல்லத் தெரியாது. அதை நாம்தான் முதலில் சொல்லிக்கொடுக்க வேண்டும். சாதாரண பெல்ட், ஆறடிக் கயிறு, இடுப்பில் ஒரு பையில் ஈரல் துண்டு. ஆள் நடமாட்டம் இல்லாத தெருவில் ஆரம்பியுங்கள். கயிறு இறுகினால் மரம் மாதிரி நின்றுவிடுங்கள், திட்டவும் வேண்டாம். நாய் திரும்பிப் பார்த்துக் கயிற்றைத் தளர்த்தும். அந்த நொடியே ஈரல், அப்புறம் நடை. முதல் நாள் தெருமுனைக்குப் போக அரைமணி நேரம் ஆகும், பக்கத்து வீட்டுக்காரர் சிரிப்பார். இரண்டு, மூன்று வாரம் இப்படி நடந்தவர்களில் பெரும்பாலோர் என்னிடம் பட்டை கேட்டுத் திரும்பி வருவதில்லை. அப்படியும் தேவைப்படுகிற நாய்க்கு, தொய்ந்த கயிறு என்றால் என்னவென்று அதற்குள் தெரிந்திருக்கும். கயிற்றை ஒருமுறை லேசாகச் சுண்டினாலே போதும்.

நாய் வாலை நிமிர்த்த முடியாது என்பார்கள். வாலை எதற்கு நிமிர்த்த வேண்டும், அது வளைந்தே இருக்கட்டும். அதன் தோள் நம் முழங்காலுக்குப் பக்கத்தில் வந்தால் போதாதா?

எல்லாரும் கடைசியில் கேட்கிற கேள்வி, எத்தனை நாளாகும் என்பது. லேப்ரடாருக்கு மூன்று வாரம், அதற்குத் தின்பண்டம் என்றால் உயிர். தெருவிலிருந்து எடுத்து வளர்க்கிற நாட்டு நாய் அதைவிடச் சீக்கிரம் பிடித்துக்கொள்ளும், சூட்டிகை அதிகம். சிப்பிப்பாறை? அதற்கு எல்லாம் முதல் நாளே புரிந்துவிடும். செய்வதற்குத்தான் மனசு வர வேண்டும்.

வணக்கம்.