தாளில் இல்லாத திரைக்கதை: மேபல் நார்மண்ட்

[காட்சி: கறுப்பு வெள்ளை. ஒரு ஹோட்டல் கூடம். தொளதொள பேன்ட், இறுக்கமான கோட்டு, கைத்தடி.]

இந்த வேஷத்தைப் பார்த்ததும் ஆளைச் சொல்லிவிடுவீர்கள். 1914-ல் சார்லி சாப்ளின் இந்த உடுப்பை மாட்டிக்கொண்டு முதலில் நடித்தது 'மேபல்ஸ் ஸ்ட்ரேஞ்ச் பிரெடிகமென்ட்' என்ற இந்தப் படத்துக்காகத்தான். சரி, அந்தப் பெண்? பைஜாமாவோடு அறைக்கு வெளியே மாட்டிக்கொண்டு தவிக்கிறாரே, அவர்தான் படத்தின் இயக்குநரும். பெயர் மேபல் நார்மண்ட்.

நியூயார்க்கின் ஸ்டேட்டன் தீவில் பிறந்தவர். ஓவியர்களுக்கு மாடலாக நின்றார், அப்புறம் சினிமா. 1912-ல் மேக் சென்னட் கீஸ்டோன் என்ற சிரிப்புப் படக் கம்பெனியைத் தொடங்கியபோது அவரோடு லாஸ் ஏஞ்சலஸ் வந்தார்.

[காட்சி: பூங்கா, பெஞ்ச், ஓடும் போலீஸ்காரர்கள்.]

கீஸ்டோனில் திரைக்கதை எழுதுவது என்றால் மேஜையும் பேனாவும் இல்லை. ஒரு கரு கிடைக்கும். அதைப் பிடித்துக்கொண்டே போனால் கடைசியில் ஒரு துரத்தல் வரும். நடுவில் யார் யார் மேல் விழுவது, எந்தக் கதவு எப்போது திறப்பது என்பதெல்லாம் படப்பிடிப்பு நடக்கும் இடத்தில்தான் முடிவாகும். அப்படி யோசிப்பதில் மேபல் கெட்டிக்காரி. ஆனால் அந்த யோசனை எதுவும் தாளில் ஏறவில்லை. தாளில் இல்லாததற்கு யார் பெயர் போடுவார்கள்?

1914-ல் ஒரு சண்டை. கார் பந்தயப் படம், மேபல் இயக்குகிறார். 'ரோட்டுக்குத் தண்ணீர் அடிக்கிறேன். குழாயை நானே மிதித்துவிட்டு, தண்ணீர் ஏன் வரவில்லை என்று எட்டிப் பார்க்கிறேன், முகத்தில் பீய்ச்சட்டும்' என்கிறார் சாப்ளின். நேரமில்லை, சொன்னதைச் செய் என்கிறார் மேபல். சாப்ளின் நடிக்க மறுத்து உட்கார்ந்துவிட்டார். மேபலுக்கு இயக்கத் தெரியுமா என்ற சந்தேகம் இருந்ததை அவரே சுயசரிதையில் ஒப்புக்கொள்கிறார். எனக்கென்னவோ மேபல் பக்கம்தான் நியாயம். அந்தக் குழாய் ஜோக்கை, சினிமாவின் முன்னோடிகளான லூமியே சகோதரர்கள் 1895-லேயே படம் பிடித்துவிட்டார்கள்!

சாப்ளின் படங்கள் இன்னும் வேண்டும் என்று நியூயார்க்கிலிருந்து தந்தி வந்ததும் சென்னட் சமாதானம் பேசினார். பிறகு சாப்ளினும் மேபலும் நல்ல நண்பர்கள் ஆனார்கள், சேர்ந்தே பல படங்கள் செய்தார்கள்.

1916-ல் மேபல் பெயரிலேயே ஒரு கம்பெனி, தனி ஸ்டுடியோ. அங்கே எடுத்த 'மிக்கி' நெடுநாள் பெட்டியிலேயே கிடந்து 1918-ல் வெளியாகி வசூலை அள்ளியது.

1922-ல் அவருடைய நண்பரான ஓர் இயக்குநர் சுட்டுக் கொல்லப்பட்டார். அன்று மாலை அவரைப் பார்த்துவிட்டுப் போனவர் மேபல். போலீஸ் அவர் மீது குற்றம் சாட்டவில்லை, பத்திரிகைகள் விடவில்லை. 1924-ல் அவருடைய கார் டிரைவர் வேறொருவரைச் சுட்டார், துப்பாக்கி மேபலுடையது. அதோடு வாய்ப்புகள் வற்றின. 1930-ல் காசநோயில் இறந்தார்.

[காட்சி: மறுபடி அந்த ஹோட்டல்.]

இதை இன்னொரு முறை ஓட்டுகிறேன். கைத்தடிக்காரரை விடுங்கள். கட்டிலுக்கு அடியில் ஒளிகிறாரே, அவரைப் பாருங்கள்.