அக்கரைப்பேட்டையின் தாய்மார்கள்

அவையோர்க்கு வணக்கம்.

பேரிழப்புக்குப் பின் வாழ்வை மீண்டும் கட்டியெழுப்புவது பற்றிப் பேசும்போதெல்லாம், நாகப்பட்டினத்தின் மீனவக் கிராமங்களான அக்கரைப்பேட்டையும் கீச்சாங்குப்பமும்தான் என் நினைவுக்கு வருகின்றன. 2004 டிசம்பர் 26, ஞாயிற்றுக்கிழமை. நம் நேரப்படி காலை 6.28 மணியளவில் சுமத்திராவுக்கு அப்பால் கடலடி அதிர்ந்தது. மூன்று மணி நேரத்துக்குள் சுனாமி அலை இக்கரைக்கு வந்துவிட்டது. நாகை மாவட்டத்தில் மட்டும் ஆறாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டனர். ஓட முடியாத குழந்தைகளும், அவர்களைத் தூக்கிக்கொண்டு ஓடிய பெண்களும் அவர்களில் மிகுதி.

வீடு போனவர்களுக்கு வீடு கட்டித் தந்தார்கள்; படகு போனவர்களுக்குப் படகு கிடைத்தது. பிள்ளைகளைப் பறிகொடுத்த தாய்மார்களுக்கு எதைத் தருவது? அவர்களில் பலர், இருக்கும் பிள்ளைகளே போதும் என்று குடும்பக் கட்டுப்பாடு அறுவை செய்துகொண்டவர்கள். அதில் துண்டிக்கப்பட்ட கருக்குழாய்களை மீண்டும் இணைக்கும் அறுவை சிகிச்சையை அவர்களுக்கு இலவசமாகச் செய்யத் தமிழக அரசு ஆணையிட்டது. ஒரு தாயின் வெறுமையை அரசு ஆணை ஒன்று நேராகப் பார்த்துப் பேசியது அபூர்வம். அதை நான் நன்றியோடுதான் நினைக்கிறேன்.

ஆயினும் அந்தத் தாய்மார்களுக்கு அழுது தீர்க்க அவகாசம் கிடைத்ததா என்ற கேள்வி என்னை விடுவதில்லை. குடும்பத்துக்கு வாரிசு வேண்டும் என்ற உறவினரின் அவசரமும், கணவன் வேறு மணம் செய்துகொள்வானோ என்ற அச்சமும், துக்கத்தின் ஈரம் உலருமுன்பே பெண்களை அறுவை மேசைக்கு அனுப்பியிருக்கும். குழாய்களை இணைத்துக்கொண்டவர்களுக்கெல்லாம் கரு தங்கிவிடுவதில்லை. வயதும் எஞ்சியிருக்கும் குழாயின் நீளமும் அதைத் தீர்மானிக்கின்றன. தங்காதவர்கள் மாதந்தோறும் மறுபடி ஒருமுறை இழந்தார்கள்.

பிறந்த குழந்தைக்கு இறந்த பிள்ளையின் பெயரையே வைப்பதும் உண்டு. "போனவன் திரும்பி வந்துட்டான்" என்று சொல்வதில் உள்ள ஆறுதலை நான் மறுக்கவில்லை. ஆனால் தான் பார்த்திராத அண்ணனின் இடத்தை நிரப்பும் பாரத்தை ஒரு சிறுவன் ஏன் சுமக்க வேண்டும்? அவனை அவனாகவே வளர்த்து, அண்ணனின் படத்தைச் சுவரில் தனியே மாட்டிவைத்த தாயே, என் கணிப்பில், கடினமான வழியைத் தேர்ந்தவள்.

அன்று பிறந்த பிள்ளைகள் இன்று இளைஞர்கள். ஆண்டுதோறும் டிசம்பர் 26 அன்று மீனவர்கள் தொழிலுக்குப் போவதில்லை. பெண்கள் கரையில் நின்று கடலில் பாலை ஊற்றிப் பூத்தூவுகிறார்கள்.