குப்பையில் கிடந்த குண்டுமணி

தலைவர் அவர்களே, முன்வரிசையில் வீற்றிருக்கும் மாகாணசபை உறுப்பினர் அம்மையார் அவர்களே, பொன்னாடைகளைத் தன் கையாலேயே மடித்துக் கொண்டுவந்த பொருளாளர் அண்ணை அவர்களே, வடை வாசம் வந்த பிறகும் எழும்பாமல் இருக்கும் பெரியோர்களே, வணக்கம். தந்தது பத்து நிமிஷம். ஒன்று போய்விட்டது.

ஜேம்ஸ் பார்ட்டில்மன். 2002 முதல் 2007 வரை கனடாவில் நமது ஒன்ராறியோ மாகாணத்தின் துணைநிலை ஆளுநர். பூர்வகுடியில் பிறந்து அந்தப் பதவிக்கு வந்த முதல் ஆள். அவருடைய பிள்ளைப்பருவம், தூதர் பணி, எழுத்து என்று மூன்றையும் பேசுவதாக உத்தேசம்.

குண்டுமணி குப்பையில் கிடந்தாலும் நிறம் மங்காது என்று எங்கள் அம்மம்மா சொல்லுவா. இவர் உண்மையிலேயே குப்பைமேட்டருகே வளர்ந்தவர். அம்மா சிப்பேவா என்ற பூர்வகுடி இனத்தவர், அப்பா வெள்ளைக்காரர். பணக்காரர் கோடைக்கு வந்து தங்கும் மஸ்கோகா ஏரிப் பக்கம், போர்ட் கார்லிங் என்ற சிற்றூருக்குப் பிழைக்க வந்த குடும்பத்துக்கு முதலில் கிடைத்தது ஊர்க் குப்பைமேட்டுக்கு அருகே ஒரு கூடாரம். அந்தக் குப்பையில் பொறுக்கிய காமிக் புத்தகங்கள்தான் பொடியனுக்கு வாசிப்புப் பைத்தியத்தைக் கொடுத்தன. யாரோ பணக்கார வீட்டுப் பிள்ளை பார்த்துவிட்டு எறிந்த படக்கதை! பிறகு, கோடைக்கு வந்து தங்கும் அமெரிக்கர் ஒருவர் மேல்படிப்புக்குப் பணம் கட்டினார். 1966இல் வெளியுறவுத் துறை. அப்புறம் வங்கதேசம், கியூபா, இஸ்ரேல், நேட்டோ இராணுவக் கூட்டணி, தென்னாப்பிரிக்கா என்று தூதர் பணி. அந்தக் கதைகள் இருக்கட்டும்.

ஆளுநர் ஆனதும் என்ன செய்தார் தெரியுமா? 2004இல், வடக்கே ரோடு போகாத பூர்வகுடி ஊர்ப் பிள்ளைகளுக்காக, வாசித்த நல்ல புத்தகங்களைத் தாருங்கள் என்று கேட்டார். சனங்கள் பொலிஸ் நிலையங்களில் கொண்டுவந்து குவித்தார்கள். எத்தனை? 12 லட்சம்! விமானத்தில் ஏற்றி அனுப்பினார்கள். குப்பையில் புத்தகம் பொறுக்கிய கை ஐயா அது.

சரி, நாங்கள்? போன மாதம் என் தெருவில் ஒரு நீலத் தொட்டி, மறுசுழற்சிக்குப் போடுவது. மேலே தமிழ்ப் பாலர் பாடல் புத்தகம், அட்டைகூடக் கிழியவில்லை. முதல் பக்கத்தில் பென்சிலால் ஒரு பிள்ளை தன் பெயரை எழுதி, 'ழ'வை மூன்று தரம் அழித்திருக்கிறது. மழையில் நனைய முதல் எடுத்துவிட்டேன். குண்டுமணிதான், ஆனால் மறுசுழற்சி லொறிக்கு நிறம் தெரியாதே!

எழுத்தைப் பற்றி... தலைவர் மணிக்கூட்டைப் பார்க்கிறார். 'அவுட் ஆஃப் மஸ்கோகா' என்ற நினைவு நூலில் தன் மனச்சோர்வைக்கூட அவர் மறைக்கவில்லை; எடுத்துப் படியுங்கள். வாசலில், செருப்புகளுக்குப் பக்கத்தில் மூன்று பெட்டி வைத்திருக்கிறேன். பிள்ளைகளின் தமிழ்ப் புத்தகம் மட்டும் போடுங்கள். பழைய நாட்காட்டி வேண்டாம்.