சில்வி: ஓரத்தில் நின்ற முகம்

நேயர்களுக்கு வணக்கம்.

பிரெஞ்சு சினிமாவின் பொற்காலம் என்றதும் ழான் கபேன், அர்லெத்தி போன்றோரே முதலில் நினைவுக்கு வருவார்கள். நான் இன்று பேச வந்திருப்பது, அத்தகைய நட்சத்திரங்களுக்குப் பின்னால் கறுப்பு உடையில் சுவரோரமாக நின்ற ஒரு மூதாட்டியைப் பற்றி. சில்வி என்ற ஒற்றைப் பெயரால் அறியப்பட்ட அவர், 1883-இல் பாரிஸில் பிறந்து, நாடக மேடையில் தேர்ச்சி பெற்ற பின்னரே சினிமாவுக்கு வந்தவர். இன்று நாம் நினைவில் வைத்திருக்கும் படங்களில் அவர் நடித்தபோது ஐம்பது வயதைத் தாண்டியிருந்தார்; ஆகவே கிடைத்தவை தாய், விதவை, கன்னியர் மடத்துத் தலைவி ஆகிய சிறு வேடங்களே.

அவற்றுள் என் மனத்தை விட்டு அகலாதது, ஜெர்மானிய ஆக்கிரமிப்புக் காலத்தில், 1943-இல் க்ளூஸோ இயக்கிய ‘லெ கார்போ’. சிற்றூர் ஒன்றை மொட்டைக் கடிதங்கள் ஆட்டிப்படைக்கின்றன. தனக்குப் புற்றுநோய் என்பதை அப்படியொரு கடிதத்தால் அறிந்து, சவரக்கத்தியால் தன் உயிரைப் போக்கிக்கொண்ட நோயாளியின் தாயாக வருகிறார் சில்வி. படத்தின் முடிவில், கடிதம் எழுதியவர் மேசையருகே பிணமாகக் கிடக்க, சன்னல் வழியே தெரியும் தெருவில் கறுப்பு உடை அணிந்த அந்தத் தாய் நடந்து போகிறார். பதற்றமில்லை, ஓட்டமில்லை, காரியம் முடிந்து வீடு திரும்புகிறவரின் நடை அது. பழிவாங்கலைக் காட்டாமலே அதன் முழுக் கனத்தையும் நம்மீது இறக்கிவைக்க அந்த முதுகு ஒன்றே போதுமானதாக இருக்கிறது.

பத்தாண்டுகள் கழித்து, எமில் ஸோலாவின் நாவலைத் தழுவி மார்செல் கார்னே எடுத்த ‘தெரேஸ் ரக்கேன்’ படத்தில், மகன் இறந்த செய்தியால் பக்கவாதம் தாக்கிப் பேச்சிழந்த தாயாக அமர்ந்திருக்கிறார். உடல் அசையாது, வாய் திறக்காது. மகன் சாவின் உண்மையை மறைக்கும் மருமகளாக வரும் சிமோன் சிஞோரே எந்தப் பக்கம் திரும்பினாலும் அந்தக் கண்கள் அவரைக் குற்றம்சாட்டிக்கொண்டே இருக்கின்றன. எழுபது வயது நடிகை ஒருவர், நடிகருக்குரிய கருவிகளில் பார்வை தவிர மற்ற எல்லாவற்றையும் துறந்துவிட்டுத் திரையை ஆள்வதை அங்கே காண்கிறோம்.

கதையின் நடுநாயகமாக அவர் நிற்கும் வாய்ப்பு 1965-இல் வந்தது. ஜெர்மானிய நாடகாசிரியர் பிரெக்டின் சிறுகதையைக் கொண்டு ரெனே அல்லியோ மார்செய் நகரில் எடுத்த தம் முதல் முழுநீளப் படமான ‘லா வியேய் தாம் அந்தீஞ்’-இல், கணவரை இழந்த பெர்த்தினி அம்மையாராகச் சில்வி நடித்தார். பிள்ளைகள் சொத்தைப் பற்றிப் பேசிக்கொண்டிருக்க, அம்மையார் பெரிய கடைகளில் வேடிக்கை பார்க்கிறார், கார் வாங்குகிறார், உணவகப் பணிப்பெண் ஒருத்தியோடு நட்புக்கொள்கிறார். வாழ்நாளெல்லாம் அடுப்படியில் கழித்த ஒருத்தி முதன்முதலாகச் சும்மா இருக்கக் கற்றுக்கொள்ளும் மகிழ்ச்சியைச் சில்வி துளிப் புன்னகைகளாகவே வெளியிடுகிறார். எந்த இடத்திலும் நம் இரக்கத்தை யாசிக்கவில்லை. அமெரிக்காவின் தேசியத் திரைப்பட விமர்சகர் சங்கம் முதன்முறையாக விருதுகள் வழங்கியபோது, 1966-ஆம் ஆண்டின் சிறந்த நடிகையாகத் தேர்ந்தெடுத்தது அவரைத்தான். அப்போது அவருக்கு வயது எண்பத்து மூன்று.