வில்லியம் வந்த வழி

அவையோருக்கு வணக்கம்.

இன்று ஒரே ஒரு பெயரைப் பற்றித்தான் பேசப்போகிறேன்: வில்லியம். வெள்ளைக்காரப் பெயர் ஒன்று சொல்லுங்கள் என்றால் நம்மில் பாதிப்பேர் வாயில் வருவது அதுதான். ஷேக்ஸ்பியருக்கும் அந்தப் பெயர், இன்றைய பட்டத்து இளவரசருக்கும் அந்தப் பெயர். ஆனால் 1066க்கு முன் இங்கிலாந்துக்காரர்கள் பிள்ளைக்கு இந்தப் பெயரை வைத்தது மிக அபூர்வம். காட்வின், லியோஃப்ரிக், வுல்ஃப்ஸ்டன் என்றுதான் வைத்தார்கள்.

பெயர்ப் பொருளைச் சட்டென்று முடித்துவிடுகிறேன். பழைய ஜெர்மானிய மக்கள் இரண்டு சொல்லை ஒட்டிப் பெயர் செய்வார்கள். ‘வில்’ என்றால் மன உறுதி, ‘ஹெல்ம்’ என்றால் தலைக்கவசம், சேர்த்தால் வில்ஹெல்ம். அப்பா பெயரில் பாதி, மாமன் பெயரில் பாதி என்று எடுத்து ஒட்டுவதும் உண்டு. அதனால் இதில் பெரிய தத்துவம் தேட வேண்டாம்.

பெயரை முதலில் தூக்கிவிட்டவர் மேற்கு ஐரோப்பாவை ஆண்ட பேரரசர் சார்லமேனின் உறவினரான ஒரு வில்லியம். தென் பிரான்சில் துலூஸ் பகுதியின் பிரபு. போரெல்லாம் முடித்து, ஜெல்லோன் என்ற இடத்தில் 804இல் மடம் கட்டி, அங்கேயே துறவியானார். வீரர், அப்புறம் துறவி. பாணர்களுக்கு வேறென்ன வேண்டும்? பாடித் தீர்த்துவிட்டார்கள். பிரெஞ்சு நாக்கில் பெயர் ‘கியோம்’ ஆனது. வடக்கே நார்மண்டி பக்கம் மட்டும் முதலெழுத்து மாறாமல் ‘வில்’ என்றே நின்றது.

அந்த நார்மண்டிக்காரர்கள் யார்? கப்பலில் வந்து கொள்ளையடித்த வைக்கிங்குகள். 911இல் பிரெஞ்சு அரசன் அவர்கள் தலைவன் ரோலோவுக்கு நிலத்தைக் கொடுத்துச் சமாதானம் செய்துகொண்டான். ரோலோ தன் மகனுக்கு வைக்கிங் பெயர் வைக்கவில்லை, வில்லியம் என்று வைத்தான். ஊரோடு ஒத்து வாழ் என்ற கணக்குதான். அந்த வழியில் வந்த இன்னொரு வில்லியம்தான் 1066 அக்டோபர் 14 அன்று இங்கிலாந்தின் ஹேஸ்டிங்ஸில் வென்று, அதே ஆண்டு கிறிஸ்துமஸ் நாளில் வெஸ்ட்மின்ஸ்டரில் அந்நாட்டு அரசராக முடிசூடியவர்.

இதற்குப் பிறகு நடந்ததுதான் எனக்கு வியப்பு. இந்தப் பெயரை வை என்று யாரும் சட்டம் போடவில்லை. நிலம் நார்மன் பிரபுக்கள் கைக்குப் போனது. சில தலைமுறைக்குள் தோற்றவர்கள் வீட்டுத் தொட்டிலிலும் வில்லியம், ராபர்ட், ரிச்சர்டு. விட்பி என்ற கடலோர ஊரில் ஒரு பையனுக்குப் பெற்றோர் வைத்த பெயர் டோஸ்டி. பழைய வைக்கிங் பெயர். கூட விளையாடும் பிள்ளைகள் அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தார்கள். தாங்க முடியாமல் பெயரை வில்லியம் என்று மாற்றினார்கள். அந்தப் பையன் பின்னாளில் துறவியாகி ஃபார்ன் தீவில் வாழ்ந்தார். அதனால்தான் இந்தச் செய்தி எழுத்தில் நின்றது. படையெடுப்பு சாதித்ததைவிடத் தெருப்பிள்ளைகளின் கேலி அதிகம் சாதித்திருக்கிறது என்பேன்.

எவ்வளவு பெருகியது என்பதற்கு நார்மண்டி வரலாற்றாசிரியர் ஒருவர் எழுதிவைத்த கதை போதும். 1170களின் தொடக்கத்தில், பேயோ நகருக்கு அருகே இளைய அரசர் ஹென்றியின் கிறிஸ்துமஸ் விருந்து. வந்தவர்களில் இரண்டு வில்லியம்கள் ஒரு விளையாட்டை ஆரம்பித்தார்கள்: வில்லியம் அல்லாதவன் இந்த அறையில் சாப்பிடக்கூடாது! மற்றவர்களை எல்லாம் வெளியே தள்ளிய பிறகும் 110 வீரர்கள் மிச்சம். அத்தனைபேரும் வில்லியம். பந்தியில் ஒருவர் “வில்லியம், அந்த ரொட்டியை எடு” என்றால் என்ன ஆகியிருக்கும்?

ஊரெல்லாம் இப்படி ஆனால் ஆளை எப்படி அடையாளம் சொல்வது? வில், வில்கின், வில்காக் என்று செல்லப்பெயர்கள் கிளம்பின. இன்றைய வில்சன், வில்கின்சன், வில்காக்ஸ் என்ற குடும்பப் பெயர்களெல்லாம் அந்த நெரிசலில் பிறந்தவை. பழைய இங்கிலாந்துப் பெயர்களில் தலை நிமிர்ந்து மீண்டது எட்வர்டு; அதற்கும் ஒரு புனிதர் தயவு வேண்டியிருந்தது. இங்கிலாந்து அரசர் மூன்றாம் ஹென்றி அந்தப் புனித எட்வர்டின் பக்தர். 1239இல் பிறந்த மகனுக்கு அந்தப் பெயரைச் சூட்டினார்.

ஜெர்மனிக் கதை நீளம்; ஒன்றை மட்டும் சொல்கிறேன். 1918இல் முடியிழந்த பேரரசர் இரண்டாம் வில்ஹெல்ம் ஓடிப்போய்த் தஞ்சம் புகுந்தது நெதர்லாந்தில். அங்கே அரசி யார்? வில்ஹெல்மினா!

கடைசியாக அயர்லாந்து. நார்மன் பிரபுக்கள் அங்கே போனபோது பெயரும் கூடவே போனது. ஐரிஷ்காரர்கள் ‘இல்லியம்’ என்று சொல்லி, அப்புறம் முன்பாதியை உதிர்த்து ‘லியம்’ ஆக்கிக்கொண்டார்கள். 1690இல் அங்கே பாய்ன் ஆற்றங்கரையில் புராட்டஸ்டண்ட் அரசர் மூன்றாம் வில்லியம் கத்தோலிக்க அரசர் இரண்டாம் ஜேம்ஸை முறியடித்தார். பில்லி என்பது வில்லியமின் செல்லப்பெயர்; புராட்டஸ்டண்டுகள் அவரை ‘கிங் பில்லி’ என்று இன்றும் பெல்ஃபாஸ்ட் சுவர்களில் குதிரையோடு வரைகிறார்கள். கத்தோலிக்க வீட்டுக்குள் எட்டிப் பார்த்தால் பையன் பெயர் லியம். ஒரே பெயரின் முன்பாதி ஒரு கட்சிக்கு, பின்பாதி இன்னொரு கட்சிக்கு! அமெரிக்காவில் 2017 முதல் பல ஆண்டுகளாக ஆண் குழந்தைகளுக்கு மிக அதிகம் வைக்கப்படும் பெயர் அந்தப் பின்பாதிதான்.

சரி, நேரமாகிவிட்டது. ராபர்ட்டையும் ஹென்றியையும் பற்றிக் கேட்க நினைப்பவர்கள் இப்போது கேட்கலாம்.